'பர்க்'னு ஒரு இங்கிலீஷ் வினைச்சொல்: அமுக்குறதா, நழுவுறதா?

பழையபேப்பர்:

வணக்கம் மக்களே. வார்த்தையப் பிச்சு மேயுற ஆளுங்க இங்க நிறைய பேர் இருக்கீங்க, அதான் இங்கயே கேட்டுடலாம்னு வந்தேன். 19-ம் நூற்றாண்டு பிரிட்டிஷ் பார்லிமெண்ட் விவாதத்தையெல்லாம் ஸ்கேன் பண்ணி ஆன்லைன்ல போட்டிருக்காங்கல்ல, அதுல ஒண்ண வாசிச்சிட்டு இருந்தேன். ஒரு மெம்பர் எந்திரிச்சு, இந்த விசாரணைய அரசாங்கம் "பர்க்" பண்ணிடுச்சுன்னு கோவமா பேசுறாரு. பி யு ஆர் கே இ, கடைசில டி. முதல்ல அச்சுப்பிழையோன்னு பாத்தேன், நாய் குரைக்கிற பார்க்கும் இல்ல, தயங்குறதுக்குச் சொல்ற பால்க்கும் இல்ல, ஏன்னா அதே விவாதத்துல இன்னொருத்தரும் அதே ஸ்பெல்லிங்ல அதே வார்த்தைய சொல்றாரு.

அதோட விட்டுருந்தா பரவால்ல. இப்பத்திய கட்டுரை ஒண்ணுலயும் இதே வார்த்தை கண்ணுல பட்டுது. ஆனா அங்க "பிரச்சனைய பர்க் பண்ணாதீங்க"ன்னா பிரச்சனைய நேரா பாக்காம நழுவாதீங்கங்கிற மாதிரி இருக்கு. அமுக்குறதும் நழுவுறதும் ஒண்ணு இல்லையே? என்கிட்ட இருக்கிற சின்ன டிக்‌ஷனரில இந்த வார்த்தையே இல்ல. எட்மண்ட் பர்க்னு ஒரு பெரிய பேச்சாளர் இருந்தாரே, அவர் பேர்லருந்து வந்ததா? எப்படி உச்சரிக்கணும், எங்கருந்து வந்துது, எது சரியான அர்த்தம், யாராச்சும் விளக்கமா சொல்லுங்க.

சும்மா_வந்தேன்:

எட்மண்ட் பர்க்காத்தான் இருக்கும். மணிக்கணக்கா பேசி எதிராளி வாயையே அடைச்சிருப்பாரு, அதுலருந்து வந்திருக்கும் 😄

கறுப்புமை:

@சும்மா_வந்தேன், கேக்க நல்லாத்தான் இருக்கு, ஆனா அவருக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல. அவரு 1797-லயே போய் சேர்ந்துட்டாரு. இந்த வார்த்தை பொறந்தது 1829-ல, அதுவும் தூக்குமேடைக்கு முன்னாடி. இது வில்லியம் பர்க்ங்கிற கொலைகாரனோட பேரு. கதை கொஞ்சம் நீளம், பொறுமையா படிங்க, அர்த்தம் ஏன் ரெண்டா பிரிஞ்சுதுங்கிறது கதைக்குள்ளயேதான் இருக்கு.

இடம் ஸ்காட்லாந்தோட எடின்பரோ. அந்தக் காலத்துல மருத்துவம் படிக்கணும்னா ஐரோப்பாவுலயே பேர் போன ஊர்கள்ல அது ஒண்ணு. அனாட்டமி சொல்லித்தர உடம்பு வேணும், சட்டப்படி கெடைக்கிறது பெரும்பாலும் தூக்குல போட்ட கொலைகாரங்க உடம்புதான், அது எங்க பத்தும்? ராபர்ட் நாக்ஸ்னு ஒரு டாக்டர் தனியா அனாட்டமி கிளாஸ் நடத்திட்டு இருந்தாரு, அவர்கிட்ட மட்டும் 500 ஸ்டூடண்டுக்கு மேல. அதனால புதைச்ச பொணத்த ராத்திரியோட ராத்திரியா தோண்டி எடுத்து விக்கிறதுக்குன்னே ஒரு கூட்டம் இருந்துச்சு. இதுல பெரிய கூத்து என்னன்னா செத்தவன் உடம்பு சட்டத்துல யாரோட சொத்தும் கெடையாது, அதனால பொணத்தத் தூக்கிட்டுப் போனா சின்னக் குத்தம்தான், கூடவே மேல சுத்தியிருந்த துணியையும் எடுத்துட்டா அது திருட்டு, தண்டனை ஜாஸ்தி! அதனால விவரமானவங்க துணிய குழிக்குள்ளயே போட்டுட்டு உடம்ப மட்டும் எடுத்துட்டுப் போவாங்க. ஜனங்க பயந்து போய் கல்லறை மேல இரும்புக் கூண்டு மாட்டுனாங்க, கல்லறைத் தோட்டத்துக்கு ராக்காவல் போட்டாங்க. அந்தக் கூண்டுகள்ல சிலது இன்னைக்கும் எடின்பரோல கிரேஃபிரையர்ஸ் கல்லறைத் தோட்டத்துல இருக்கு.

பர்க்கும் அவன் கூட்டாளி வில்லியம் ஹேரும் அயர்லாந்துக்காரங்க, யூனியன் கால்வாய் வெட்டுற வேலைக்குன்னு ஸ்காட்லாந்து வந்தவங்க. இவங்களையும் பொணத் திருடனுங்க லிஸ்ட்லயே சேத்துடுறாங்க பல பேரு. அது தப்பு, இவங்க ஒரு குழியக்கூட தோண்டுனதில்ல. ஹேர் வீட்ல ஏழைங்க தங்குறதுக்கு வாடகைக்கு இடம் விடுவாங்க. 1827 நவம்பர்ல அங்க தங்கியிருந்த வயசான பென்ஷன் சிப்பாய் ஒருத்தர் நோய்வாய்ப்பட்டு செத்துப் போறாரு, வாடகை பாக்கி 4 பவுண்டு. பாக்கிய எப்படி வசூலிக்கிறதுன்னு யோசிச்சவனுங்க, சவப்பெட்டிக்குள்ள தோல் பதனிடுற மரப்பட்டைய அடைச்சு புதைக்க அனுப்பிட்டு, உடம்ப சாக்குல கட்டி எடுத்துட்டுப் போயிட்டானுங்க. அவனுங்க தேடிட்டுப் போனது யூனிவர்சிட்டி அனாட்டமி புரொஃபசர் மன்றோவ. வழியில விசாரிச்சப்ப ஒரு ஸ்டூடண்ட் நாக்ஸ் கிட்ட போங்கன்னு கைகாட்டிட்டான். அங்க கெடைச்சது 7 பவுண்டு 10 ஷில்லிங். பாக்கியவிட கிட்டத்தட்ட ரெண்டு மடங்கு.

அதுக்கப்பறம் யாராச்சும் சாகுற வரைக்கும் காத்திருப்பானேன்னு தோணிடுச்சு. 1828-ல ஒரு வருஷத்துக்குள்ள 16 கொலை. ஆள் கேக்குறதுக்கு நாதியில்லாதவங்களாப் பாத்து கூட்டிட்டு வந்து, விஸ்கி ஊத்திக் குடுத்து, மயங்கினதும் ஒருத்தன் மேல ஏறி நெஞ்சோட அழுத்திப் படுத்துக்குவான், இன்னொருத்தன் மூக்கையும் வாயையும் பொத்திடுவான். காயம் இல்ல, ரத்தம் இல்ல, கழுத்துல தடம் இல்ல. உடம்பு சேதாரம் இல்லாம இருந்தாத்தானே டாக்டர் கேள்வி கேக்காம வாங்குவாரு. இந்த "தடம் இல்லாம"ங்கிறத நல்லா ஞாபகம் வெச்சுக்கோங்க, வார்த்தையோட உயிரே அதுலதான் இருக்கு.

மாட்டுனது 1828 அக்டோபர் 31-ம் தேதி கொன்ன டோச்சர்ட்டிங்கிற அம்மாவால. பர்க் வீட்ல தங்கியிருந்த கிரே தம்பதி, கட்டில் பக்கத்து வைக்கோலுக்குள்ள உடம்பு கெடக்குறதப் பாத்துட்டாங்க. பர்க் கூட வாழ்ந்த ஹெலன், வாயத் தொறக்காம இருந்தா வாரம் 10 பவுண்டு தர்றேன்னு கெஞ்சிப் பாத்தா, அவங்க மசியல, நேரா போலீஸ். ஆனா ஆதாரம் பத்தல. அதனால ஹேர அப்ரூவர் ஆக்குனாங்க. 1828 டிசம்பர் 24 காலைல ஆரம்பிச்ச விசாரணை விடிய விடிய நடந்து கிறிஸ்துமஸ் அன்னைக்குக் காலைல தீர்ப்பு, பர்க்குக்கு தூக்கு, ஹெலனுக்கு "நிரூபணம் ஆகலை". 1829 ஜனவரி 28-ம் தேதி தூக்கு. 20,000 பேருக்கு மேல கூட்டம், சுத்தியிருந்த வீட்டு ஜன்னலையெல்லாம் வாடகைக்கு விட்டாங்க. அங்க நின்ன ஜனங்க "அவன பர்க் பண்ணு, கயிறு குடுக்காத"ன்னு கத்துனதா அப்பத்திய பேப்பர்லயே வந்திருக்கு. அதாவது அவன் மத்தவங்கள எப்படிக் கொன்னானோ அப்படியே அவனையும் கொல்லுன்னு. அச்சுல வினைச்சொல்லா வந்த ரொம்ப முந்தின இடங்கள்ல இது ஒண்ணு.

தீர்ப்புப்படி அவன் உடம்பையும் எல்லாரும் பாக்க அறுத்தாங்க. அறுத்தது யாருங்கிறீங்க? அன்னைக்கு அவனுங்க வழி கேட்டுப் போய் சேராம விட்ட அதே புரொஃபசர் மன்றோ. எலும்புக்கூடு இன்னைக்கும் எடின்பரோ யூனிவர்சிட்டி அனாட்டமி மியூசியத்துல நிக்குது.

சும்மா_வந்தேன்:

யப்பா! காமெடியா ஒரு கமெண்ட் போட்டுட்டுப் போலாம்னு வந்தவன இப்படி உக்கார வெச்சுட்டீங்களே. சரி ஒரு டவுட்டு, ரெண்டு பேரும் சேந்துதானே பண்ணாங்க, ஹேர் பேர்ல ஏன் வினைச்சொல் வரல?

கறுப்புமை:

தூக்குமேடைல நின்னது பர்க் மட்டும்தானே, கூட்டம் கத்துனது அவன் பேர. ஹேர்னா ஏற்கனவே முயல்னு வேற அர்த்தம் இருக்கு, அதனாலயும் ஒட்டியிருக்காதுன்னு நெனைக்கிறேன். பேருக்கு ஏத்த மாதிரியே 1829 பிப்ரவரில விடுதலையாகி ஓடியும் போயிட்டான். டம்ஃப்ரீஸ்ங்கிற ஊர்ல ஜனங்க அடையாளம் கண்டுபிடிச்சு சுத்தி வளைச்சுட்டாங்க, போலீஸ்தான் காப்பாத்தி ஊருக்கு வெளிய கொண்டு போய் விட்டு, இங்கிலாந்து எல்லைப் பக்கம் போகச் சொல்லுச்சு. கார்லைல் பக்கத்துல பாத்தவங்க இருக்காங்க, அதோட ஆள் காணாமப் போயிட்டான்.

ராத்திரி_டூட்டி:

மெடிக்கல் சைடுலருந்து என் பங்குக்கு. இந்த வார்த்தை பழசாயி செத்துப் போச்சுன்னு யாரும் முடிவு கட்டிடாதீங்க, ஃபாரன்சிக் மெடிசின் படிக்கிற ஒவ்வொரு ஸ்டூடண்டுக்கும் "பர்க்கிங்" தெரியும். மூச்சுத் திணறல் சாவு சேப்டர்ல தனி உபதலைப்பாவே வரும், வைவால கேக்குறதுக்கு எக்ஸாமினர்களுக்கு ரொம்பப் பிடிச்ச கேள்வி. மூக்கு வாயப் பொத்துறது ஸ்மதரிங். நெஞ்ச வெளியிலருந்து அழுத்தி மூச்சு விட முடியாம பண்றது டிராமாட்டிக் அஸ்ஃபிக்சியா. ரெண்டும் ஒண்ணா சேந்தா பர்க்கிங். வெறும் ஸ்மதரிங்னு எழுதிட்டு வந்தா பாதி மார்க்தான்.

கறுப்புமை சொன்ன அந்த "தடம் இல்லாம" விஷயத்துக்கு வர்றேன். மூச்சு விடுறதுன்னா காத்து உள்ள போற வழி தொறந்திருக்கணும், அது போதாது, விலா எலும்புக்கூடு விரியவும் செய்யணும். ரெண்டையும் ஒரே நேரத்துல தடுத்துட்டா சீக்கிரம் முடிஞ்சுடும். தெளிவா இருக்கிற ஆளா இருந்தா உயிருக்குப் போராடுவாரு, அப்ப உதட்டு உள்பக்கம் பல்லு பட்டு கிழியும், மூக்க சுத்தி நகக்கீறல் விழும், கைல கால்ல அடிபடும், ஏதாச்சும் ஒண்ணு கெடைக்கும். போதைல கெடக்குறவங்க, வயசானவங்க, நோயாளிங்க திமிற மாட்டாங்க, அதனால வெளிய பாத்தா ஒண்ணுமே தெரியாமப் போகலாம். கண்ணுல சின்னச் சின்ன ரத்தப்புள்ளி வரலாம், வராமலும் போகலாம், வந்தாலும் அது மட்டுமே கொலைன்னு காட்டிடாது, வேற காரணத்துலயும் வரும். இன்னைக்கும் பிரேதப் பரிசோதனைய மட்டும் வெச்சு ஸ்மதரிங்னு அடிச்சு சொல்றது கஷ்டம், சம்பவ இடம் எப்படி இருந்துச்சு, சாட்சி என்ன சொல்றாங்க எல்லாத்தையும் சேத்துத்தான் முடிவுக்கு வருவோம். 1828-ல கேக்கவே வேணாம்.

டோச்சர்ட்டி அம்மா உடம்பப் பாத்த டாக்டர்கள்ல ராபர்ட் கிறிஸ்டிசன் ஒருத்தர், பின்னாடி விஷம் பத்தின ஆராய்ச்சில பெரிய பேர் வாங்குனவரு. அவரே கோர்ட்டுல வன்முறையால செத்திருக்க வாய்ப்பு அதிகம்ங்கிற அளவுலதான் நின்னாரு, அதுக்கு மேல ஒரு அடி போகல. அந்த உடம்புல இருந்த கன்னிப்போன அடையாளம் உயிரோட இருக்கும்போது வந்ததா, இல்ல செத்தப்பறம் பெட்டிக்குள்ள மடக்கித் திணிச்சதால வந்ததான்னு ஒரு கேள்வி வந்துச்சு. செத்த உடம்புல அடிச்சா கன்னுமா கன்னாதான்னு அவரு நிஜமாவே அடிச்சுப் பாத்து சோதிச்சு எழுதி வெச்சாரு. படிக்கவே ஒரு மாதிரி இருக்கும், ஆனா காயம் சாவுக்கு முன்னயா பின்னயான்னு பிரிச்சுப் பாக்குறதுக்கு அன்னைக்கு வேற வழி என்ன இருந்துச்சு சொல்லுங்க. அவருகிட்டருந்து உறுதியான பதில் கெடைக்காததாலதான் ஹேர அப்ரூவரா எடுக்க வேண்டிய கட்டாயம் வந்துச்சு. 16 கொலை பண்ண ரெண்டு பேர்ல ஒருத்தன் தப்பிச்சதுக்கு அந்தக் கொலை முறையேதான் காரணம்.

வாய்தா:

கோர்ட் பக்கத்துலருந்து நானும் ஒரு வார்த்தை. டாஃப்ட் ஜேமின்னு ஊரே கூப்புடும் ஜேம்ஸ் வில்சன்னு ஒரு பையன், மனவளர்ச்சி குறைஞ்சவன், தெருவுல எல்லாருக்கும் பழக்கம், அவனையும் கொன்னிருந்தானுங்க. அவங்க அம்மாவும் கூடப்பொறந்தவளும் ஹேர் மேல தனியா வழக்கு நடத்தப் பாத்தாங்க. அரசு சாட்சியா வந்தவன் மேல வழக்கு போட முடியாதுன்னு கோர்ட் சொல்லிடுச்சு. அந்தம்மாவோட கேஸையே அமுக்கிட்டாங்கன்னு சொல்ற மாதிரிதான் ஆச்சு.

இப்ப கேள்விக்கு வர்றேன். பழையபேப்பர் பாத்த ரெண்டு அர்த்தமுமே சரி, டிக்‌ஷனரி ரெண்டையும் ஒத்துக்குது. ஆனா ரெண்டும் ஒரே நாள்ல வந்தது இல்ல. முதல்ல நெஜக் கொலை. அப்பறம் 1840 வாக்குலல்லாம் உருவகமா மாறிடுச்சு, ஒரு கேள்விய, ஒரு விசாரணைய, ஒரு ரிப்போர்ட்ட, வெளிவர வேண்டிய ஒரு புஸ்தகத்த மூச்சு முட்ட வெச்சு கொல்றது. ரொம்ப நாள் கழிச்சுத்தான் நழுவுறதுங்கிற அர்த்தம் ஒட்டிக்கிச்சு.

நம்ம பேச்சுல இதுக்குன்னே கச்சிதமா ஒண்ணு இருக்கு, "அமுக்கிட்டாங்க". ஆள அமுக்குறதும் நாமதான் சொல்றோம், ஃபைல அமுக்குறதும் நாமதான் சொல்றோம். ஆனா எல்லா அமுக்கலும் பர்க் ஆகாது, இங்க கொஞ்சம் கவனிக்கணும். ஒரு புஸ்தகத்துக்கு அரசாங்கம் தடை போட்டு கெஜட்ல அறிவிச்சா அது சப்ரெஸ், எல்லாருக்கும் தெரிஞ்சே நடக்குது, எதிர்த்து கோர்ட்டுக்கும் போலாம். கேள்வி கேக்க எந்திரிச்சவர உக்காருன்னு அதட்டுனா அது வாய அடைக்கிறது. பர்க் பண்றதுன்னா என்னன்னா, கேள்வி பட்டியல்ல இருக்கும், அதோட முறை வர்றப்ப நேரம் முடிஞ்சிருக்கும், மறுநாள் பட்டியல்ல அது கீழ போயிருக்கும், அப்பறம் கூட்டத்தொடரே முடிஞ்சிருக்கும், யாரு எப்ப கொன்னாங்கன்னு கேட்டா கை காட்ட ஒருத்தர் இருக்க மாட்டாங்க. விசாரணைக் கமிஷன் ரிப்போர்ட் வந்துடுச்சு, ஆனா அத ஆராய இன்னொரு கமிட்டி போட்டிருக்கோம்னு சொல்றதும் இதே ரகம்தான். உடம்புல காயமே இருக்காது, ஆனா உயிர் இருக்காது. கறுப்புமை சொன்ன அந்த தடம் இல்லாத கொலைதான் அப்படியே பார்லிமெண்ட்டுக்குள்ள நடந்து வந்திருக்கு. அந்தக் கால மெம்பருங்க இந்த வார்த்தைய விரும்பி எடுத்துக்கிட்டதுக்கு இன்னொரு காரணமும் எனக்குத் தோணுது, எதிர்க்கட்சிக்காரன கொலைகாரன்னு நேரா திட்டுனா சபாநாயகர் விட மாட்டாரு, பர்க் பண்ணிட்டாங்கன்னு சொன்னா எல்லாருக்கும் எடின்பரோ ஞாபகம் வரும், சபைக் குறிப்புலயும் ஏறிடும்.

ரெண்டாவது அர்த்தம் எப்படி வந்துச்சுன்னா, என் அபிப்பிராயம் இது. ஒரு கேள்விய அமுக்குறவரு யாரு? பதில் சொல்ல வேண்டிய இடத்துல உக்காந்திருக்கிறவரு. அவரு கேள்விய சாகடிக்கிறதும் பதில்லருந்து நழுவுறதும் வெளிய நின்னு பாக்குறவனுக்கு ஒரே காரியமாத்தான் தெரியும். அதோட கடமையத் தட்டிக் கழிக்கிறதுக்குச் சொல்ற ஷிர்க்குங்கிற வார்த்தை ஓசைல இதுக்கு உடன்பொறப்பு மாதிரி இருக்கு, அதுவும் பக்கத்துலருந்து இழுத்திருக்கலாம். எனக்கு தனிப்பட்ட முறைல ரெண்டாவது அர்த்தம் பிடிக்கல. நழுவுறதுக்கு இங்கிலீஷ்ல ஆயிரம் வார்த்தை இருக்கு, சத்தமில்லாம மூச்சடைச்சு கொல்றதுக்கு இது ஒண்ணுதான் இருக்கு, அதையும் இப்படி வீணடிக்கணுமா? ஆனா பழக்கத்துல வந்துட்டா நம்ம சொல்லி எவன் கேக்குறான்.

இலக்கணமா பாத்தா இதுக்கு எப்பவும் செயப்படுபொருள் வேணும். "அவரு பர்க் பண்ணாரு"ன்னு மொட்டையா நிக்காது, எத பண்ணாருன்னு சொல்லியாகணும். சட்டம், அரசியல் எழுத்துல "திஸ் இஷ்யூ கேனாட் பி பர்க்டு"ன்னு வர்றது உண்டு, அங்க பெரும்பாலும் இந்தக் கேள்வியத் தாண்டிப் போக முடியாது, பதில் சொல்லித்தான் ஆகணும்னு அர்த்தம். மேல என்ன விஷயம் ஓடிட்டு இருக்குன்னு பாத்தா அமுக்குறதா நழுவுறதான்னு புரிஞ்சுடும். விசாரணை, ரிப்போர்ட், புஸ்தகம்னு வந்தா அமுக்குறது. இஷ்யூன்னு வந்தா நழுவுறதா இருக்க வாய்ப்பு ஜாஸ்தி.

பழையபேப்பர்:

அடேங்கப்பா, ஒரு வார்த்தைக்குள்ள இவ்ளோ பெரிய கேஸ் கட்டு இருக்கும்னு நெனைக்கவே இல்ல. எல்லாருக்கும் நன்றி. அப்ப நான் வாசிச்ச விவாதத்துல அமுக்குறதுதான், சந்தேகமே இல்ல, ஏன்னா அங்க கமிட்டி போட்டு கமிட்டி போட்டுத்தான் இழுத்தடிச்சிருக்காங்க. இன்னும் ரெண்டு சந்தேகம். பேர்ச்சொல்லா இருந்தா முதல் எழுத்து கேப்பிடல்ல இருக்கணுமே, இங்க ஏன் சின்ன எழுத்து? அப்பறம் பாய்காட்னு ஒண்ணு சொல்றோமே, அதுவும் ஒரு ஆள் பேர்னு எங்கயோ படிச்ச ஞாபகம். அதுக்கும் அயர்லாந்துக்கும் தொடர்பு உண்டோ? அது ஒலகம் பூரா சுத்துது, இது மட்டும் ஏன் மூலைல கெடக்குது?

கறுப்புமை:

சின்ன எழுத்துக்கு பதில் சிம்பிள். ஆளோட ஞாபகம் மங்க மங்க எழுத்தும் சின்னதாயிடும். ஆரம்பத்துல இதையும் கேப்பிடல் போட்டு எழுதுனவங்க இருக்காங்க. மெஸ்மரைஸ் பண்றதுன்னு சொல்றப்ப மெஸ்மர்னு ஒரு டாக்டர் இருந்தாருன்னோ, கால்வனைஸ்னு சொல்றப்ப தவளைக் கால வெச்சு மின்சாரம் ஆராஞ்ச கால்வனிங்கிறவர் இருந்தாருன்னோ எவன் நெனைக்கிறான்?

பாய்காட் கதை அயர்லாந்துல நடந்ததுதான், ஆனா அந்த ஆளு இங்கிலீஷ்காரரு. கேப்டன் சார்ல்ஸ் பாய்காட், மேயோ கவுண்டில லார்ட் எர்னுங்கிற ஜமீந்தாருக்கு ஏஜெண்ட். 1880-ல குத்தகைய குறைங்கன்னு விவசாயிங்க கேட்டாங்க, இவரு மறுத்து வெளியேத்தப் பாத்தாரு. அப்ப ஊரே சேந்து அவர ஒதுக்கி வெச்சுது. வேலையாள் வரல, கடைல சாமான் தரல, தபால் கூட போகல. வெளியூர்லருந்து 50 பேரக் கூட்டிட்டு வந்து, அவங்களுக்கு ஆயிரம் பேர்கிட்ட ராணுவக் காவல் போட்டு அறுவடை பண்ணாங்க, 500 பவுண்டு வெள்ளாமைக்கு 10,000 பவுண்டு செலவாச்சுன்னு கணக்கு சொல்றாங்க. ஒதுக்கி வெக்கிறதுக்கு ஆஸ்ட்ரசைஸ்னு ஏற்கனவே ஒரு வார்த்தை இருந்துச்சு, அது கிராமத்து ஜனங்க வாயில நுழையாதுன்னு ஃபாதர் ஜான் ஓமாலிங்கிற பாதிரியார், பாய்காட்னே சொல்லிடலாமேன்னு சொன்னதா ரெட்பாத்ங்கிற பத்திரிகைக்காரர் எழுதியிருக்காரு. அந்த வருஷமே லண்டன் பேப்பர்ல ஏறிடுச்சு. அந்தாளு உயிரோட இருக்கிறப்பவே அவரு பேரு வினைச்சொல்லா சுத்த ஆரம்பிச்சுது.

பாய்காட்டுக்கு பதிலா சட்டுனு சொல்ல வேற வார்த்தை இல்ல, கூட்டமா பண்ற போராட்டம் எந்த ஊர்லயும் எந்தக் காலத்துலயும் தேவைப்படும், அதனால மத்த பாஷைக்காரங்களும் அப்படியே எடுத்துக்கிட்டாங்க. பர்க்குக்கு அந்த வசதி இல்ல, ஹஷ் அப், ஸ்டைஃபில், சப்ரெஸ்னு போட்டிக்கு நிறைய ஆள். கதை தெரிஞ்சவனுக்குத்தான் அதோட கூர்மை புரியும், கதை மறந்து போனதும் வார்த்தைக்கும் தெம்பு போயிடுச்சு.

ஆனா ஆரம்பத்துல இதுக்கு இருந்த தெம்பே வேற. 1831-ல லண்டன்ல பிஷப், வில்லியம்ஸ்னு ரெண்டு பேரு இதே தொழில்ல எறங்குனாங்க. கிங்ஸ் காலேஜுக்கு ஒரு பையன் உடம்ப விக்க எடுத்துட்டுப் போனப்ப, இது புதைச்ச உடம்பு மாதிரியே இல்லையே, இவ்ளோ புதுசா இருக்கேன்னு சந்தேகம் வந்து மாட்டுனாங்க. டிசம்பர் 5-ம் தேதி தூக்கு. அவங்க ஆள மயக்க மருந்து கலந்த ரம்ம குடுத்து கிணத்துல தலைகீழா எறக்கிக் கொன்னவங்க, மூச்ச பொத்தவே இல்ல. ஆனா பேரு என்ன தெரியுமா, "லண்டன் பர்க்கர்ஸ்". அதாவது ரெண்டு மூணு வருஷத்துக்குள்ள பர்க் பண்றதுன்னாலே டாக்டருக்கு விக்கிறதுக்காக ஆளக் கொல்றதுன்னு பொதுவாயிடுச்சு, எப்படிக் கொன்னா என்ன. அதே டிசம்பர்ல அபர்டீன்ல ஒரு அனாட்டமி கட்டடத்துப் பின்பக்கம் நாய் ஒண்ணு மண்ணக் கிளறி மனுஷ உடம்புத் துண்ட வெளிய இழுத்துப் போட்டுடுச்சு, ஜனங்க கொந்தளிச்சு கட்டடத்தையே கொளுத்திட்டாங்க. அந்தக் கட்டடத்துக்கு ஊருக்குள்ள பேரு "பர்க்கிங் வீடு". ஸ்காட்லாந்துல ஊர் ஊரா நாடோடியா போற டிராவலர் மக்கள் கிட்ட "பர்க்கர்" வந்து புடிச்சுட்டுப் போயிடுவான்னு ராத்திரில சொல்ற கதைங்க 20-ம் நூற்றாண்டு வரைக்கும் இருந்துச்சு. குதிரை வண்டில கருப்புக் கோட்டு போட்ட டாக்டருங்க சத்தமில்லாம வருவாங்களாம்.

இந்த பயத்தாலயும்தான் 1832-ல அனாட்டமி சட்டம் வந்துச்சு. யாரும் உரிமை கோராத உடம்ப, பெரும்பாலும் ஏழைகள் விடுதிலயும் ஆஸ்பத்திரிலயும் செத்தவங்க உடம்ப, மருத்துவப் பள்ளிங்க சட்டப்படி எடுத்துக்கலாம்னு ஆச்சு. பொணத் திருட்டு ஒழிஞ்சுது உண்மைதான். ஆனா அதுவரைக்கும் கொலைகாரனுக்குத் தண்டனையா இருந்தது அப்பறம் ஏழையா செத்ததுக்குத் தண்டனை ஆயிடுச்சுன்னு அன்னைக்கே நிறைய பேர் எதிர்த்தாங்க. நாக்ஸ் மேல கடைசி வரைக்கும் கேஸே இல்ல, ஒரு கமிட்டி விசாரிச்சு அவருக்கு கொலை விஷயம் தெரிஞ்சதுக்கு ஆதாரமில்லன்னு சொல்லிடுச்சு. அவர கோர்ட்டுல சாட்சியாக்கூட நிறுத்தல. இதத்தான் நான் அக்மார்க் பர்க்கிங்னு சொல்வேன் 🙂

ராத்திரி_டூட்டி:

கமிட்டி சொன்னது அதோட முடியல, உடம்பு வாங்குற விஷயத்துல நாக்ஸ் அஜாக்கிரதையா இருந்திருக்காருன்னும் அதே கமிட்டி சொல்லுச்சு. கொஞ்சம் கொஞ்சமா ஸ்டூடண்டும் பேரும் போய் கடைசில லண்டன் பக்கம் போயிட்டாரு. 500 பேருக்குப் பாடம் எடுத்த ஒரு அனாட்டமிஸ்ட்டுக்கு, வாரக்கணக்குல புதைக்கவே படாத உடம்பு வந்துட்டு இருந்தது தெரியலங்கிறத என்னால நம்ப முடியல. மண்ணுக்குள்ள போன உடம்புக்கும் போகாததுக்கும் வித்தியாசம் முதல் வருஷ ஸ்டூடண்டுக்கே தெரியும்.

ஒத்தெழுத்து:

யாரும் உச்சரிப்பு பத்தி சொல்லலையே. வொர்க்னு சொல்றீங்கல்ல, அதுல முதல் எழுத்த மட்டும் மாத்திக்கோங்க, அதுதான். குரைக்கிற பார்க் மாதிரி வாயத் தொறந்து இழுக்கக் கூடாது.

ஆனா பேசும்போது ஒரு வில்லங்கம் இருக்கு. பிரிட்டன்ல மடப்பயலேன்னு திட்டுறதுக்கு "பெர்க்"னு ஒரு வசவு இருக்கு, காதுல விழுறப்ப ரெண்டும் ஒண்ணுதான், சில பேரு ஸ்பெல்லிங்கையும் கொழப்பிடுவாங்க. அது இந்த பர்க் இல்ல, லண்டன் காக்னி ஆளுங்க எதுகை போட்டு மறைச்சுப் பேசுற பேச்சுல பெர்க்லி ஹண்ட்ங்கிற பேரோட சுருக்கம், எந்தக் கெட்ட வார்த்தைக்கு எதுகைங்கிறத நான் இங்க எழுத மாட்டேன், மாடரேட்டர் இருக்காரு. வேடிக்கை என்னன்னா பெர்க்லிங்கிற அந்த ஊர் பேர அங்கத்தவங்க பார்க்லின்னுதான் சொல்லுவாங்க, வசவுல மட்டும் பெர்க்காவே நின்னுடுச்சு.

பழையபேப்பர், படிக்கிறப்ப புரிஞ்சுக்கிட்டா போதும்னு நெனைக்கிறேன். பரீட்சைலயோ ஆபீஸ் மெயில்லயோ எழுதாதீங்க, டைப்போன்னு நெனைச்சு எவனாச்சும் ஸ்பெல் செக்க ஓட்டி மாத்திடுவான். பழைய பாணில ஒரு கண்டனக் கட்டுரை எழுதுறீங்க, கேள்வி எப்படிக் காணாமப் போச்சுன்னு காட்டணும்னா அங்க தாராளமா போடுங்க, விசாரணைய பர்க் பண்ணாங்கன்னு. நழுவுற அர்த்தத்துக்கு எவேட் போதும், வாய்தாவும் சந்தோஷப்படுவாரு.